பதிலி வேலையும் 480 நாள் கணக்கும்

நிரந்தர ஓட்டுநரோ நடத்துநரோ விடுப்பில் செல்லும் நாளில் அவருடைய தடத்தில் பேருந்தை இயக்குவதற்கென்று வைத்துக்கொள்ளப்பட்டவரே பதிலித் தொழிலாளர். பம்பாய்ப் பஞ்சாலைகளில் நெடுங்காலம் வழங்கிவந்த இம்முறை, குறித்த நேரத்தில் வண்டி புறப்பட்டாக வேண்டிய போக்குவரத்துத் தொழிலுக்கும் பொருந்தியதில் வியப்பில்லை. ஆயினும் காலியிடங்களை நிரப்பாமல் விட்டு, அவற்றில் தினக்கூலிகளையும் ஒப்பந்த ஊழியரையும் கொண்டு ஆண்டுக்கணக்கில் வண்டியை ஓட்டியபோது, அது குறைந்த கூலிக்கு ஆள் பிடிக்கும் ஏற்பாடாக மாறிற்று. தொழிற்சங்க மேடைகளில் ஒரே மூச்சில் எழுப்பப்பட்ட சம ஊதியம், பணிநிரந்தரம் என்னும் கோரிக்கைகள் இரண்டும் நீதிமன்றத்தில் வெவ்வேறு வழிகளில் சென்றன.

சம ஊதியத்திற்கான வழியைத் திறந்தவரும் ஓர் ஓட்டுநரே. டெல்லி காவல்துறையில் ஓட்டுநர் காவலராக இருந்த ரண்தீர் சிங், பிற அரசுத் துறை ஓட்டுநர்களுக்கு இணையான ஊதியம் கேட்டுத் தொடுத்த வழக்கில், அரசியலமைப்பின் வழிகாட்டு நெறியாக மட்டும் இருந்த சமவேலைக்குச் சமஊதியம் என்பதைச் சமத்துவ உரிமையோடு இணைத்து 1982இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அவர் தற்காலிக ஊழியர் அல்லர்; நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கும் அப்பணிக்குரிய ஊதிய விகிதத்தின் தொடக்கச் சம்பளம் உண்டு என்பது பஞ்சாப் அரசுக்கும் ஜக்ஜித் சிங்குக்கும் இடையிலான வழக்கில் 2016இல்தான் தெளிவாக நிலைநாட்டப்பட்டது.

பணிநிரந்தரக் கோரிக்கையோ தொழிலாளர் சட்டங்களின் வழியே சென்றது. நிரந்தர உரிமையைத் தராமலிருக்கும் நோக்கத்தோடு ஒருவரை ஆண்டுக்கணக்கில் பதிலியாகவோ தற்காலிகமாகவோ வைத்திருப்பதை நியாயமற்ற தொழில் நடைமுறை, அதாவது சட்டம் தடுக்கும் செயல், என்று மகாராஷ்டிரத்தின் 1971ஆம் ஆண்டுச் சட்டம் வரையறுத்தது. தமிழ்நாட்டின் 1981ஆம் ஆண்டுச் சட்டம் நோக்கத்தை ஆராயும் தேவையையே நீக்கி, மோட்டார் போக்குவரத்து உள்ளிட்ட நிறுவனங்களில் 24 மாதங்களுக்குள் 480 நாள் தொடர்பணி செய்தவர் நிரந்தரமாக்கப்பட வேண்டும் என்றது. இதனால் வழக்கு நாள் கணக்காகச் சுருங்கியது. ஓராண்டில் 240 நாள் பணி செய்ததை மெய்ப்பிக்கும் பொறுப்பு தொழிலாளியுடையதே என்று தொழில் தகராறுச் சட்டத்தின்கீழ் எழுந்த வேறொரு வழக்கில் 2002இல் உச்ச நீதிமன்றம் கூறியதையும் சேர்த்துப் பார்த்தால், வருகைப் பதிவேடு யார் கையில் இருக்கிறது என்பதன் கனம் விளங்கும். இவ்வகையில் நடத்துநரின் நிலை கட்டடக் கூலியாளின் நிலையைவிட மேல். ஒவ்வொரு நாளும் எடுத்த பயணச்சீட்டு எண்களையும் கட்டிய வசூலையும் காட்டும் வேபில் இல்லாமல் அவருடைய பணி முடிவதில்லை.

2006இல் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, அரசுப் பணியில் முறையான தேர்வின்றி நுழைந்தவரை நிரந்தரமாக்கும்படி நீதிமன்றங்கள் ஆணையிடலாகாது என்று விதித்ததும் காற்று திசை மாறியது. ஒப்புதல் பெற்ற பணியிடங்களில் பத்தாண்டு கடந்தவர்க்கு ஒருமுறை மட்டும் விலக்கு அளிக்கப்பட்டது. ஆயினும் மகாராஷ்டிர மாநிலப் போக்குவரத்துக் கழகத்தின் துப்புரவுத் தொழிலாளர் வழக்கில், தொழிலாளர் சட்டம் தந்த அதிகாரத்தை அத்தீர்ப்பு பறிக்கவில்லை என்று 2009இல் உச்ச நீதிமன்றமே தெளிவுபடுத்தியது. கேரளத்திலோ நிலை நேர்மாறானது: அரசுப் பணியாளர் தேர்வாணையத்தின் பட்டியலில் இருந்தோர் தொடுத்த வழக்கில், எம்பேனல் நடத்துநர் எனப்பட்ட ஏறத்தாழ 4,000 தற்காலிகப் பணியாளரை நீக்குமாறு உயர் நீதிமன்றம் 2018 டிசம்பரில் ஆணையிட்டது. தேர்வு எழுதிக் காத்திருந்தவரும் பல ஆண்டு உழைத்தவரும் ஒரே இருக்கைக்குப் போட்டியிட நேர்ந்ததற்கு, உரிய காலத்தில் ஆளெடுக்காத நிர்வாகமே பொறுப்பு என்பதில் ஐயமில்லை.

2020ஆம் ஆண்டின் தொழிலுறவுத் தொகுப்புச் சட்டம், குறிப்பிட்ட காலத்திற்கு மட்டும் ஆளெடுக்கும் முறையை ஏற்று, அவ்வாறு எடுக்கப்பட்டவர்களுக்கு நிரந்தரத் தொழிலாளருக்குக் குறையாத ஊதியம் தரப்பட வேண்டும் என்கிறது. ஒப்பந்தக் காலம் முடிந்து அவர்கள் வெளியேறுவதை ஆட்குறைப்பாகவும் அது கருதுவதில்லை.