இலேசர்க் கண் சிகிச்சை: ஒரு வரலாற்று நோக்கு

வைத்திய வரலாற்றை எழுதினோர் பெரும்பாலும் வைத்தியரின் கைவன்மையையே போற்றினர். கத்தியின் கீழ்க் கிடந்தோர் எவற்றைக் கண்டனர், எவற்றைப் பொறுத்தனர், பின்னர் எவ்வாறு வாழ்ந்தனர் என்பன பற்றி அவர்கள் எழுதியது சிறிதே. எனினும், கண் சத்திர சிகிச்சையின் வரலாற்றை உற்று நோக்குவார்க்கு ஓருண்மை புலப்படும். சிகிச்சைக்கு முன்னர், இன்னது நிகழும், இத்துணை நாளில் இந்நிலை எய்தும் என்று இன்று வைத்தியர் கூறும் சொற்களிற் பல, அவற்றை முன்னறியாது தம் கண்களை ஒப்படைத்தோரின் பட்டறிவிலிருந்து பெறப்பட்டவை. இலேசர்க் கண் சிகிச்சை உருப்பெற்ற வரலாறு இதற்குத் தக்க சான்றாகும்.

கண்ணுக்குச் சிகிச்சை செய்யுமிடத்து நோயாளர் ஒழுக வேண்டிய முறையை வகுத்தல் மிகப் பழைய வழக்கமாகும். சுசுருத சங்கிதையின் உத்தரதந்திரம் கண்புரைக்குச் செய்யும் சிகிச்சையை விரித்துரைக்கின்றது. நோயாளி தன் மூக்கை நோக்கியவண்ணம் அசையாதிருத்தல் வேண்டும் என்றும், சிகிச்சை முடிந்தபின் நெய்யில் தோய்ந்த பஞ்சினால் கண்ணை மூடிக் கட்டி அவன் மல்லாந்து கிடத்தல் வேண்டும் என்றும், தும்மல், இருமல், ஏப்பம், உமிழ்தல் ஆகியவற்றைத் தவிர்த்தல் வேண்டும் என்றும் அந்நூல் விதிக்கின்றது. கைவினை வைத்தியருடையது; பார்வையை ஓரிடத்தே நிறுத்தலும், பின்னர் விலக்குவன விலக்கலும் நோயாளருடைய கடமைகள். காலம் எத்துணை மாறினும் இவ்விரு கடமைகளும் மாறவில்லை என்பது பின்னர்ப் புலப்படும்.

புரை ஒரு நோய். குறும்பார்வையோ பெரும்பாலும் கண்ணின் அமைப்பினால் உண்டாகும் குறை. கண்கோளம் சிறிது நீண்டிருப்பினும், அதன் முன்புறத்துள்ள விழிவெண்படலம் மிகுதியாக வளைந்திருப்பினும், ஒளிக்கதிர்கள் விழித்திரையை அடையுமுன்னரே குவிகின்றன; தூரத்துப் பொருள் மங்குகின்றது. செருமனிய அறிஞர் கெப்ளர் 1604ஆம் ஆண்டில் வெளியிட்ட நூலில் இக்குறையின் இயல்பை விளக்கினார். இதனைத் திருத்தும் குழிவில்லைக் கண்ணாடிகள் அதற்கு முன்னரே வழக்கில் இருந்தன. ஆதலின், குறும்பார்வைக்குச் சத்திர சிகிச்சை செய்யப் புகுவோர் ஒரு வினாவுக்கு விடையிறுத்தல் வேண்டும். கண்ணாடி அணிந்தால் தெளிவாகக் காணும் கண்ணிற் கத்தியை வைத்தல் தகுமா என்பதே அவ்வினா.

விழித்திருப்பவரின் கண்ணில் நோவின்றிச் சிகிச்சை செய்தல் 1884ஆம் ஆண்டு வரை இயலாத காரியமாகவே இருந்தது. அவ்வாண்டில் வியன்னா நகரத்து இளம் வைத்தியர் கார்ல் கொல்லர், கொக்கெயின் கரைசலின் சில துளிகள் கண்ணின் மேற்பரப்பை மரக்கச் செய்வதைக் கண்டார். விலங்குகளின் கண்களிற் சோதித்தபின் தம் கண்ணிலும் அவர் அதனைச் சோதித்தார். இன்று வழங்கும் துளிமருந்துகள் வேறாயினும் முறை அவர் கண்டதே.

நோவு நீங்கவே துணிவு பிறந்தது. யப்பானியக் கண் வைத்தியர் சற்றோ 1930களிலும் 1940களிலும் விழிவெண்படலத்திற் கீறல்கள் இட்டு அதன் வளைவைக் குறைக்க முயன்றார். முன்புறத்தில் மட்டுமன்றிப் படலத்தின் உட்புறத்திலும் அவர் கீறினார். தொடக்கத்திற் பலருடைய பார்வை திருந்தியது. ஆனால் ஆண்டுகள் பல கழிந்தபின், அவ்வாறு சிகிச்சை பெற்றோர் பலரின் விழிவெண்படலம் நீர்கோத்து மங்கலாயிற்று. படலத்தின் உட்புறத்தே ஒற்றை அடுக்காய் அமைந்த உயிரணுக்களே அதிலுள்ள நீரை வெளியேற்றித் தெளிவைக் காப்பன என்பதும், அவை அழிந்தால் மீண்டும் தோன்றா என்பதும் அக்காலத்தில் தெளிவாக அறியப்படவில்லை. சற்றோவின் நோக்கம் நல்லதே. எனினும் அவர் அறியாததன் விலையை அவரை நம்பியோர் செலுத்தினர்.

இரசிய வைத்தியர் பியோதொரொவ் 1970களில் உட்புறத்தைத் தீண்டாது, முன்புறத்தில் மட்டும் சக்கரத்தின் ஆரக்கால்கள் போலக் கீறல்கள் இட்டார். இம்முறை அமெரிக்காவிலும் விரைந்து பரவியது. அங்குத் தேசிய கண் நிறுவகத்தின் ஆதரவுடன், சிகிச்சை பெற்றோரைப் பத்தாண்டுகள் தொடர்ந்து நோக்கிய ஆய்வொன்றின் முடிவுகள் 1994ஆம் ஆண்டில் வெளிவந்தன. நூற்றுக்கு 43 கண்கள் நீள்பார்வையை நோக்கிக் கணிசமாக நகர்ந்திருந்தன என அவ்வாய்வு காட்டியது. ஆழக் கீறிய படலம் தன் பழைய உறுதியை இழந்துவிடுகின்றது. 1996ஆம் ஆண்டு மே மாதத்தில் எவரெஸ்ற் சிகரம் ஏற முயன்ற பெக் வெதர்ஸ் என்னும் அமெரிக்கர் இச்சிகிச்சை பெற்றவர். ஒட்சிசன் குறைந்த உயரத்தில் அவருடைய பார்வை மங்கிற்று. மேலே செல்லவியலாது காத்திருந்தவர் புயலில் அகப்பட்டு, உயிர் பிழைத்தும் உறுப்புக்களை இழந்தார். சமவெளியில் தெளிவாகக் கண்ட கண் மலையில் என்னாகும் என்பது சிகிச்சை நாளில் அறியப்பட்ட செய்தியன்று.

பியோதொரொவுக்கு முன்னரே வேறொரு வழியும் வகுக்கப்பட்டிருந்தது. ஸ்பெயின் நாட்டிற் பிறந்து கொலம்பியாவிற் பணியாற்றிய ஹோசே பராக்கேர், படலத்தைக் கீறாது அதன் பொருளிற் சிறிதளவை அகற்றி வளைவை மாற்றலாம் என்று 1949ஆம் ஆண்டில் எடுத்துரைத்தார். படலத்தின் மேற்பகுதியை மெல்லிய தட்டாக அரிந்தெடுத்து, உறையச் செய்து, கடைசற் பொறியிற் செதுக்கி, மீண்டும் கண்ணிற் பொருத்துவது அவர் முறை. கருத்து நுண்ணியது, ஆனால் கருத்துக்கேற்ற நுண்ணிய கருவி அன்று இல்லை.

அக்கருவி வைத்தியத்துக்குப் புறத்தே தோன்றியது. 1960ஆம் ஆண்டில் அமெரிக்கப் பௌதிகவியலாளர் மைமன் முதல் இலேசரை இயக்கினார். தொடக்ககால இலேசர்கள் வெப்பத்தாற் சுட்டன. அவை விழித்திரைச் சிகிச்சைக்குப் பயன்பட்டனவாயினும் படலத்தைச் செதுக்க உதவவில்லை. இந்நிலையில், சென்னைப் பல்கலைக்கழகத்திற் பயின்று பின்னர் அமெரிக்கா சென்ற இரசாயனவியலாளர் ஸ்ரீனிவாசன், ஐ.பி.எம். நிறுவனத்தின் நியூயோர்க் மாநில ஆய்வுகூடத்தில், வைன், பிளம் என்னும் இருவருடன் எக்சைமர் என்னும் புதுவகை இலேசரை ஆராய்ந்து வந்தார். 193 நனோமீற்றர் அலைநீளமுடைய அதன் ஊதாக்கடந்த கதிர் பிளாஸ்ரிக்கைத் தூய்மையாகச் செதுக்குவதைக் கண்ட அவர், உயிரினத்தின் இழையங்களை அது யாது செய்யும் என அறிய அவாவினார். 1981ஆம் ஆண்டு நவம்பர் மாதத்தில், நன்றியறிதற் பெருநாள் விருந்தில் எஞ்சிய வான்கோழியின் துண்டுகளை அவர் ஆய்வுகூடத்துக்குக் கொணர்ந்து கதிரின் முன் வைத்தார். கதிர் பட்ட இடத்தில் ஒழுங்கான வெட்டு உண்டாயிற்று, அயலிடம் கருகவில்லை. அக்கதிர் மூலக்கூறுகளின் பிணைப்புக்களை அறுத்துப் பொருளை ஆவியாக்குதலின், வெப்பம் அயலே பரவுவதற்கு இடமில்லை. ஒவ்வொரு துடிப்பும் அகற்றுவது ஏறத்தாழ ஒரு மில்லிமீற்றரின் 4000இல் ஒரு பங்கே. பராக்கேர் தேடிய உளி இவ்வாறு ஒளி வடிவிற் கிடைத்தது.

கொலம்பியாப் பல்கலைக்கழகக் கண் வைத்தியர் ற்றோக்கெல், ஸ்ரீனிவாசனுடன் கூடி விலங்குகளின் கண்களில் இக்கதிரைச் சோதித்து 1983ஆம் ஆண்டிற் கட்டுரை வெளியிட்டார். பின் வந்த படி அரியது. பார்வையுள்ள மனிதக் கண்ணில் முதலிற் சோதிப்பது எவ்வாறு? 1988ஆம் ஆண்டில் நியூ ஓர்லியன்ஸ் நகரில், புற்றுநோய் காரணமாகத் தம் ஒரு கண்ணை விரைவில் அகற்ற வேண்டியிருந்த ஒரு பெண்மணி, அக்கண்ணில் இச்சிகிச்சையைச் செய்து பார்க்குமாறு தாமாகவே முன்வந்தார். வைத்தியர் மார்கரெற் மக்டோனால்ட் அதனைச் செய்தார். அப்பெண்மணி எய்திய பயன் யாதுமில்லை. பிறர் எய்திய பயனோ பெரிது. சற்றோவை நம்பியோர் அறியாது கொடுத்ததை இவர் அறிந்தே கொடுத்தார் எனலாம். 1995ஆம் ஆண்டில் அமெரிக்க அரசு இச்சிகிச்சைக்கு அனுமதி வழங்கியது.

மேற்பரப்பைச் சுரண்டிவிட்டுக் கதிரைச் செலுத்தும் இம்முதன்முறையிற் சில நாட்கள் கடுமையான நோவு இருந்தது. கிரேக்க வைத்தியர் பல்லிக்காரிஸ் 1990 அளவில், பராக்கேரின் அரிதலையும் எக்சைமர்க் கதிரையும் இணைத்தார். படலத்தின் மேற்பகுதியை ஒரு புறம் ஒட்டியிருக்குமாறு மடலாக அரிந்து, புத்தகத்தின் ஏட்டைப் போலத் திருப்பி, உள்ளே கதிரைச் செலுத்தி, மீண்டும் மூடுவது இம்முறை. இலாசிக் என்று இன்று வழங்குவது இதுவே. சுரண்டும் முறையும் ஒழியவில்லை. மெல்லிய படலமுடையோர்க்கு அஃது இன்றும் பயன்படுகின்றது.

இன்று இலாசிக் சிகிச்சை பெறுவோர் காண்பன யாவை? முதலிற் கண்ணின் பருமனும் வளைவும் அளக்கப்படும். படலம் கூம்பு வடிவாகப் புடைக்கும் நோயுடையோரும், பார்வையளவு இன்னும் மாறிக்கொண்டிருப்போரும், கருவுற்றிருப்போரும் விலக்கப்படுவர். சிகிச்சை நாளில் மரக்கச் செய்யும் துளிகள் இடப்படும். இமைகள் மூடாவண்ணம் சிறு கருவி தாங்கும். மடலை அரியுங்கால் ஒரு வளையம் கண்ணை உறிஞ்சிப் பிடிக்கும். அப்போது அழுத்தம் தோன்றும், சிறிது நேரம் பார்வை இருளும். இருளும் என்று முன்னரே அறிந்தவர் அஞ்சார். அதன்பின் மின்னும் ஒளிப்புள்ளி ஒன்றை நோக்கியிருக்குமாறு பணிக்கப்படுவர். கதிரின் படபடவென்னும் ஒலியும், மயிர் கருகுவது போன்ற மணமும் உணரப்படும். கதிர் செலுத்தும் நேரம் பெரும்பாலும் ஒரு நிமிடத்துக்கும் குறைவே. மூக்கை நோக்குக என்ற சுசுருத சங்கிதையின் விதி, ஒளிப்புள்ளியை நோக்குக என்று இங்கு உருமாறி நிற்கின்றது.

பின்னர் வருவன வேறு. சில மணி நேரம் கண் எரியும், நீர் வடியும், மணல் விழுந்தாற் போல உறுத்தும். பார்வை பனியினூடே காண்பது போன்றிருக்கும். அன்று உறங்குதல் நன்று. கண்ணைக் கசக்குதல் ஆகாது. கசக்கின் மடல் இடம்பெயரும். உறங்குங்கால் காப்பு அணிதலும், கிருமி தடுக்கும் துளிகளையும் அழற்சி தணிக்கும் துளிகளையும் குறித்த நாட்களுக்கு இடுதலும், சில வாரங்களுக்கு நீந்தாதிருத்தலும் வேண்டும். மறுநாள் வைத்தியரைக் காணல் தவறாத விதி. பலர்க்கு மறுநாளே தெளிவு தோன்றும். ஆயினும் பார்வையளவு நிலைபெறுவதற்கு மூன்று மாதங்கள் வரை செல்லலாம். படலத்தின் நரம்புகள் அறுபடுதலாற் கண் வறட்சி மாதக்கணக்கில் நீடிக்கலாம்.

வெற்றியைக் கூறும்போது எஞ்சிய குறைகளையும் கூறுதலே நேர்மை. செருமனிய வைத்தியர் சைலர் 1998ஆம் ஆண்டில், இலாசிக்கின் பின் சிலருடைய படலம் தளர்ந்து முன்தள்ளுவதை எடுத்துக்காட்டினார். முன்னளவைகள் கடுமையானமைக்கு இஃது ஒரு காரணம். அமெரிக்க அரசின் ஆதரவுடன் நடத்தப்பட்டு 2017ஆம் ஆண்டில் வெளிவந்த ஆய்வொன்று, முன்னர்ப் பார்வைத் தொல்லை யாதுமில்லாதோருள் நூற்றுக்கு 40க்கு மேற்பட்டோர் மூன்று மாதங்களின் பின் ஒளிவட்டம், கூச்சம் போன்ற ஏதேனுமொன்றைப் புதிதாகக் கண்டனர் என்றது. அவற்றால் மிகுந்த இடர் உற்றோர் நூற்றுக்கு ஒருவரிலும் குறைவே என்பதும் அவ்வாய்வின் முடிபு. மேலும், நாற்பது வயதின் பின் வாசிப்பதற்குக் கண்ணாடி தேவைப்படுதல் கண்ணின் உள்வில்லை இறுகுதலால் வருவது. படலத்தைச் செதுக்கும் சிகிச்சை அதனைத் தடுக்காது.

நலமுள்ள கண்ணிற் கத்தி வைத்தல் தகுமா என்ற வினாவுக்கு ஒளியின் நுண்மை மட்டும் விடையாகாது. சற்றோவின் காலத்துக்கும் இக்காலத்துக்கும் உள்ள வேறுபாடு கருவியில் மட்டுமன்று, முன்னறிவிலும் உள்ளது. அம்முன்னறிவை ஈட்டித் தந்தோர், பத்தாண்டுகள் தவறாது சென்று தம் கண்களைக் காட்டினோரும், இழக்கவிருந்த கண்ணைச் சோதனைக்கு ஈந்த பெண்மணியும், பார்வை மங்கிய பின்னும் தமக்கு நேர்ந்ததை மறையாது உரைத்தோருமாவர். ஆகவே, நன்மை தீமை இரண்டையும் கேட்டறிந்து, தன் கண்ணுக்கு அது தகுமா என்று ஆராய்ந்து இசைபவனுக்கே அவ்வினாவுக்கு விடையிறுக்கும் உரிமை உண்டு. அவற்றை அவனுக்கு ஒளியாது உரைத்தல் வைத்தியர் செலுத்த வேண்டிய கடன். அக்கடன் அவனுக்கு மட்டுமன்று, அவனுக்கு முன் கண்களை ஒப்படைத்தோர்க்கும் உரியதாகும்.