மைன்கிராஃப்ட்டில் விவசாயம் பண்றீங்களா? முதல் கேரட்டைத் தின்னுடாதீங்க!

பள்ளிக்கூடத்துக்கு லீவு விட்டாச்சு. சென்னையிலிருந்து அடி அண்ணாமலைக்கு, தாத்தா வீட்டுக்கு வந்த உங்க பையன் திண்ணையில உட்கார்ந்து போனைத் தட்டிக்கிட்டே இருக்கான். கொல்லையிலிருந்து திரும்பின தாத்தா, "இன்னாடா பண்ற?" என்று கேட்கிறார். "விவசாயம் பண்றேன் தாத்தா" என்று நிமிர்ந்துகூடப் பார்க்காமல் பதில் வருகிறது.

தாத்தாவுக்குச் சிரிப்பு தாங்கலை. ஆனா, பையன் சொல்றது பொய்யில்லைங்க. ஸ்வீடன் நாட்டு மோஜாங் நிறுவனம் 2011-ல் முழுமையாக வெளியிட்ட மைன்கிராஃப்ட், 2014-ல் மைக்ரோசாஃப்ட் கைக்குப் போனது. 2023-க்குள் 30 கோடி பிரதிகளுக்கு மேல் விற்றுத் தீர்ந்தது. சதுரச் சதுரமான பிளாக்குகளால் ஆன அந்த உலகத்தில், சர்வைவல் முறையில் இறங்கினால் உங்களுக்குப் பசிக்கும். திரையின் கீழே இருக்கும் பத்து இறைச்சித் துண்டுப் படங்கள் ஒவ்வொன்றாகக் காலியாகும். எல்லாம் தீர்ந்தால் உயிர் குறைய ஆரம்பிக்கும். வேட்டையாடி எத்தனை நாள் ஓட்டுவீங்க? பயிர் வெச்சாதான் பொழைப்பு.

எப்படிப் பயிர் வைப்பது? பையனுக்கு விளையாட்டு புரியும், தாத்தாவுக்கு மண் புரியும். ரெண்டு பேரும் சேர்ந்து படிக்கிற மாதிரி ஒரு கைடு இதோ.

விதை எங்கே கிடைக்கும்?

கோதுமை விதைதான் எல்லாத்துக்கும் முதல்ல கிடைக்கும். தரையில் வளர்ந்திருக்கும் புல்லை உடைச்சுக்கிட்டே போங்க. ஏறக்குறைய எட்டுப் புல்லுக்கு ஒரு விதை விழும். கேரட், உருளைக்கிழங்கு இரண்டும் அப்படிக் கிடைக்காது. கிராமங்களைத் தேடிப் போய் அங்கே இருக்கும் வயல்களில் எடுக்கணும். ஜாம்பியைக் கொன்றால் அபூர்வமாக ஒன்று விழும். பூசணி புல்வெளிகளில் தானாக முளைத்துக் கிடக்கும். தர்பூசணிக்குக் காட்டுப் பக்கம் போகணும். கரும்பு தண்ணீர்க் கரையோரம் நிற்கும்.

விளையாட்டுக் கிராமத்து வயலில் கை வைத்தால் யாரும் ஏன்னு கேட்க மாட்டாங்க. நிஜத்துல அடுத்தவங்க கொல்லையில புடுங்கினா என்ன நடக்கும்னு தாத்தாவையே கேளுங்க!

நிலமும் தண்ணீரும்

ரெண்டு குச்சி, ரெண்டு பலகை இருந்தால் ஒரு 'ஹோ' செய்யலாம். மண்ணைக் கொத்துகிற கருவி அது. மண் பிளாக்கில் அதைத் தட்டினால் உழுத நிலமாகும். பக்கத்தில் தண்ணீர் இருந்தால் நிலம் கருத்து ஈரமாகும். ஒரு பிளாக் தண்ணீர், நாலு பக்கமும் நாலு பிளாக் தூரம் வரை நனைக்கும். அதனால் 9-க்கு 9 சதுரமாக நிலத்தைக் கொத்தி, நட்ட நடுவில் ஒரு குழி வெட்டித் தண்ணீர் ஊற்றினால், மீதி 80 இடத்திலும் பயிர் வைக்கலாம். தண்ணீர் நிலத்தின் மட்டத்திலேயோ, ஒரு பிளாக் மேலேயோ இருக்கணும். கீழே இருந்தால் பிரயோஜனமில்லை. ஏரி மேட்டிலும் கழனி பள்ளத்திலும் இருப்பது ஏன் என்று பையனுக்கு விளக்க இதைவிட நல்ல சமயம் கிடைக்காது.

தண்ணீரே இல்லாவிட்டாலும் நட்ட பயிர் வளரும், ஆனால் மெதுவாக. மழை பெய்தால் நிலம் நனையும். நம்ம ஊர்ல அதுக்குப் பேரு மானாவாரி.

வெளிச்சம், வேலி, மிதி

பயிர் வளர ஒளி அளவு குறைந்தது 9 வேணும். பகலில் கவலையில்லை. வயலைச் சுற்றித் தீப்பந்தம் நட்டு வெச்சா ராத்திரியிலும் வளரும், பேய் பிசாசும் அங்கே முளைக்காது. வேலி கட்டாயம் போடுங்க. முயல் வந்து கேரட்டைத் தின்னும். இன்னொரு விஷயம், உழுத நிலத்தின் மேல் குதிக்கவே குதிக்காதீங்க. மண் பழையபடி இறுகி, பயிர் பிடுங்கிக்கொண்டு வெளியே வந்துடும். வரப்புல நடன்னு தாத்தா அதட்டுவாரே, அதே சட்டம்தான்.

முதல் கேரட்டைத் தின்னாதீங்க!

புதுசா ஆடுகிறவர்கள் பெரும்பாலும் தோற்பது இந்த இடத்தில்தான். கோதுமையில் விதை தனி, தானியம் தனி. விதையைத் தின்ன முடியாது. அதனால் அது தப்பிக்கும். ஆனால் கேரட்டுக்கும் உருளைக்கும் தனி விதை கிடையாது. தின்கிற பொருளே விதை. கிராமத்தில் மூணு கேரட் கிடைத்தது, பசிக்குது, தின்னாச்சு என்றால் கதை முடிந்தது. மூணு கேரட் பசிப்பட்டையில் நாலரைப் படத்தை நிரப்பும். ஒருவேளைப் பசி போகும். அவ்வளவுதான்.

நட்டுப் பாருங்க. விளைந்த ஒரு கேரட் செடியிலிருந்து இரண்டு முதல் ஐந்து வரை கிடைக்கும். ஒரே ஒரு கேரட்டில் ஆரம்பித்து, ஒவ்வொரு தடவையும் இரண்டே இரண்டு கிடைத்து, அத்தனையையும் திருப்பி நட்டால்கூட ஏழாவது அறுவடையில் 128 கேரட். உங்க 80 இடமும் நிறைந்து மிச்சமும் இருக்கும். அதுவரைக்கும் ரொட்டியில் சமாளிங்க. மூணு கோதுமைக்கு ஒரு ரொட்டி.

இதையே அடி அண்ணாமலைப் பக்கம் கொல்லையில் பாருங்க. மணிலா, மல்லாட்டை என்று இந்தப் பக்கம் சொல்கிற நிலக்கடலையிலும் தின்கிற பருப்புதான் விதை. ஒரு ஏக்கர் விதைக்கச் சுமாராக 50 கிலோ பருப்பு வேணும். விற்றால் காசு, ஆட்டினால் எண்ணெய், வறுத்தால் பிள்ளைகளுக்குத் தீனி. அத்தனை ஆசைக்கும் நடுவில் ஒரு மூட்டையைத் தொடாமல் எடுத்து வைக்கணும். அதையும் தோலோடு காயவைத்துதான் வைப்பாங்க. முன்னாடியே உடைத்துவிட்டால் முளைப்புத்திறன் போய்விடும். விதைக்கிற சமயத்தில் உடைத்து, சொத்தையும் சுருங்கினதும் பொறுக்கித் தள்ளுவாங்க. ஆயா விதைக்கடலை மூட்டைப் பக்கம் பிள்ளைகளை விடாமல் விரட்டுவது கஞ்சத்தனம் இல்லைங்க, அடுத்த வருஷத்துக் கணக்கு.

வரிசை மாற்றி நடுங்க

வயல் முழுக்க ஒரே பயிரை நட்டால் மைன்கிராஃப்ட்டில் வளர்ச்சி வேகம் பாதியாகும். ஒரு வரிசை கோதுமை, அடுத்த வரிசை கேரட், அதற்கடுத்து மறுபடி கோதுமை என்று மாற்றி நட்டால் சீக்கிரம் விளையும். மணிலாவுக்கு இடையில் துவரையும் காராமணியும், ஓரத்தில் ஆமணக்கும் ஏன் போடுறாங்கன்னு தாத்தாகிட்ட கேளுங்க. அவர் சொல்கிற காரணம் வேறயா இருக்கும். பூச்சி, மழை, கைச்செலவு என்று நீளும்.

கரும்புக்கு மண்ணைக் கொத்தவே வேண்டாம். தண்ணீரை ஒட்டி மண்ணிலோ மணலிலோ நட்டால் மூணு பிளாக் உயரம் வளரும். அறுக்கும்போது அடிக்கட்டையை விட்டுட்டு மேல் இரண்டை மட்டும் எடுங்க, திரும்ப வளரும். நம்ம ஊர்ல கட்டைக்கரும்பு விடுறதும் இப்படித்தான்.

அவசரம்னா எலும்புத்தூள் போடலாம். எலும்புக்கூட்டு எதிரியை வீழ்த்தினால் எலும்பு கிடைக்கும். ஒரு எலும்புக்கு மூணு தூள். சண்டை வேண்டாம்னா மிஞ்சின விதையையும் இலையையும் கம்போஸ்டரில் கொட்டுங்க. நிறைந்ததும் அதே தூள் வரும். மணிலாவுக்கு ஏக்கருக்கு 160 கிலோ ஜிப்சம் போட்டு மண் அணைப்பாங்க. காய் திரள அதிலிருக்கிற சுண்ணாம்புச் சத்து வேணும்.

போனில் இல்லாதவை

அந்த உலகத்தில் களை கிடையாது. கம்பளிப்புழு கிடையாது. எத்தனை போகம் எடுத்தாலும் மண் சத்து குறையாது. நீங்க ரொம்ப தூரம் போயிட்டா பயிர் வளராமல் அப்படியே நிற்கும், திரும்பி வந்ததும் தொடரும். இங்கே நீங்க தூங்கினாலும் களை தூங்காது. எல்லாம் சரியாக அமைந்தால் விளையாட்டுக் கோதுமை அரை மணி நேரத்தை ஒட்டி அறுவடைக்கு வந்துவிடும். திண்டிவனம் ஆராய்ச்சி நிலையத்திலிருந்து வந்த டி.எம்.வி. 7 ரக மணிலாவுக்கு 105 நாள் ஆகும். அந்த 105 நாளில் மழை ஒருதரம் ஏமாற்றினால், எடுத்து வைத்த விதையும் மண்ணோடு போச்சு.

இன்னொன்றும் இல்லை. நெல்லும் மணிலாவும் அந்த விளையாட்டிலேயே கிடையாது. கோதுமை, பீட்ரூட் எல்லாம் உண்டு. கிரிவலப் பாதையில் வறுகடலை தின்றுகொண்டே நடக்கிற பிள்ளைக்கு, அது மண்ணுக்குக் கீழே காய்க்கிற விஷயம் தெரியாமலே போகலாம்.

அதுக்கு ஒரு வழி இருக்கு. போனைப் பிடுங்க வேண்டாம். ஆயாகிட்ட பத்து விதைக்கடலை கேட்டு வாங்குங்க. குழாயடி ஓரத்திலோ, அகலமான தொட்டியிலோ ரெண்டு விரற்கடை ஆழத்தில் பையனையே ஊன்றச் சொல்லுங்க. ஒரு வாரத்தில் முளைக்கும். ஒரு மாசத்தை ஒட்டி மஞ்சள் பூ வரும். பூ வாடினதும் அதன் அடியிலிருந்து ஊசி மாதிரி ஒன்று நீண்டு மண்ணுக்குள் இறங்கும். காய் பிடிக்கிறது அங்கேதான். லீவு முடிகிறதுக்குள்ள அது வரைக்கும் பார்த்துடலாம்.

அறுவடைக்குப் பையன் இருக்க மாட்டான், ஸ்கூல் திறந்திருக்கும். ஆயா பிடுங்கிக் காயவைத்து, பஸ்ஸில் வருகிறவங்ககிட்ட கொடுத்து அனுப்புவாங்க. பொட்டலத்தைப் பிரிச்சதும் பத்தை மட்டும் தனியா எடுத்து வைக்கிறானான்னு பாருங்க.