"இது சும்மா கிடக்குற இடம்தானே?": மதுரை கண்மாய்களில் இருந்து அரிட்டாபட்டி வரை

இன்னைக்கு எபிசோடை ஒரு திட்டுல இருந்து ஆரம்பிக்கலாம். புறம்போக்கு.

ஸ்கூல்ல, டீக்கடையில, பைக்ல குறுக்க வந்தவன்கிட்ட என்று நம்ம எல்லாரும் ஒரு தடவையாவது சொல்லியிருப்போம். ஆனா அது முதல்ல நிலத்தோட பேரு. வரிக்கணக்குக்கு வெளியே விடப்பட்ட நிலம். கண்மாய், ஓடை, மந்தை, மேய்ச்சல் தரை, களம், சுடுகாடு, பாதை என்று யார் பட்டாவிலும் இல்லாமல் ஊரே சேர்ந்து பயன்படுத்துகிற இடங்கள். அந்த வார்த்தை எப்படி 'உதவாக்கரை' என்ற அர்த்தத்துக்கு வந்தது? இன்றைய கதையில் பாதி அதுதான்.

நான் கோடு எழுதிப் பிழைக்கிறவன். டேட்டாபேஸில் 'நல்' வேற, பூஜ்யம் வேற. "இங்க மதிப்பு பதிவாகலை" என்பதும் "மதிப்பே இல்லை" என்பதும் ஒண்ணு கிடையாது. இதைக் குழப்பினால் மொத்தக் கணக்கும் தப்பாகும். மதுரை நிலத்தோட வரலாற்றைப் படிக்கும்போது எனக்குத் திரும்பத் திரும்பக் கண்ணில் பட்டது இந்த ஒரே பக் தான்.

எங்க வீட்டுக் கதையையும் மறைக்காமல் சொல்லிடுறேன். 2024 அக்டோபர் 25. மதியம் மழை பிடிச்சது. வடக்கு மதுரையில் பல தெருக்கள் வாய்க்கால் மாதிரி ஓடின. நான் வீட்டில் இருந்தே மீட்டிங்கில் இருந்தேன். வாசப்படி தாண்டித் தண்ணி உள்ளே வந்தது. ராத்திரி அப்பாகிட்ட கேட்டேன், "மனை வாங்கும்போது இந்த இடம் எப்படிப்பா இருந்தது?" அப்பா சொன்னார்: "வெறும் பொட்டல்டா. ஆடு மேயும். ஓரமா ஒரு ஓடை இருந்துச்சு."

அந்த ஓடை இப்ப எங்க தெரு.

கண்மாய் ஏன் காலியாகத் தெரியும்?

மதுரைச் சமவெளியில் மழை வருஷம் முழுக்கப் பெய்யாது. அதிகம் கிடைப்பது ஐப்பசி, கார்த்திகையில்தான். அந்தத் தண்ணியைப் பிடித்து வைக்கத்தான் கண்மாய். ஒரு பக்கம் கரை, நெல்வயலுக்குத் தண்ணி விட மடை, நிறைந்தால் மிச்சத்தை வெளியேற்றக் கலுங்கு. கலுங்கில் வழியும் மறுகால் தண்ணி ஓடை வழியாக அடுத்த ஊர்க் கண்மாய்க்குப் போகும், அங்கிருந்து அதற்கடுத்தது. சங்கிலி மாதிரி. நடுவில் ஒரு கண்ணி அறுந்தால் கீழே இருக்கிறவனுக்குத் தண்ணி இல்லை, மேலே இருக்கிறவனுக்கு வெள்ளம்.

இந்த ஏற்பாட்டில் ஒரு சிக்கல் உண்டு. வருஷத்தில் பல மாதம் கண்மாய் வறண்டுதான் கிடக்கும். பையன்கள் கிரிக்கெட் ஆடுவார்கள், மாடு மேயும், கருவேலம் முளைக்கும். சித்திரை மாதம் ஒரு அதிகாரி ஜீப்பில் வந்து பார்த்தால் என்ன நினைப்பார்? "இவ்வளவு பெரிய இடம், சும்மா கிடக்கு."

கோட்டை போனது, நகரம் நகர்ந்தது

மதுரை ரொம்ப நாள் கோட்டைக்குள் இருந்த ஊர். நாயக்கர் காலக் கோட்டை, சுற்றி அகழி. 1840களில் கலெக்டர் பிளாக்பர்ன் அந்தச் சுவரை இடிக்க முடிவு செய்தார். அவர் பிடித்த வழி சுவாரசியமானது: சுவரை இடித்து அகழியைத் தூர்க்கிறவர்களுக்கு அந்த இடமே சொந்தம். பெருமாள் மேஸ்திரி வீதி, மாரட் வீதி எல்லாம் அந்த வேலையைப் பார்த்தவர்கள் பேரில் வந்தவை. விளக்குத்தூண் பிளாக்பர்ன் நினைவாக நிற்பது.

இதை வில்லத்தனம் என்று சொல்ல மாட்டேன். அகழி நாறிக் கிடந்தது, நோய் பரவியது, ஊருக்குள்ளே நெரிசல். ஆனால் அன்றைக்கு ஒரு பழக்கம் உருவானது: நகரத்துக்கு இடம் வேணுமா, பட்டா இல்லாத இடத்தை எடு.

அந்தப் பழக்கம் வெள்ளைக்காரனோடு போகவில்லை. ஊர்ப் பெயர்களைக் கவனிங்க. தல்லாகுளம், செங்குளம், உலகனேரி. பேரில் குளமும் ஏரியும் இருக்கு, தரையில் கட்டடம் இருக்கு. 2004இல் திறக்கப்பட்ட உயர்நீதிமன்ற மதுரைக் கிளை இருப்பது உலகனேரியில். 1999இல் பெரிய பஸ் ஸ்டாண்ட் வந்த இடம் மாட்டுத்தாவணி. தாவணி என்றால் மாட்டுச்சந்தை. நீதிமன்றமும் பஸ் ஸ்டாண்டும் ஊருக்கு வேண்டியவைதான். ஆனால் "எங்கே கட்டலாம்?" என்ற கேள்விக்கு எப்பவும் ஒரே மாதிரி நிலம்தான் பதிலாக வந்தது. நீர்நிலை ஆக்கிரமிப்பை அகற்ற 2007இல் தமிழ்நாட்டில் தனிச் சட்டமே வந்தது. அதற்குள் பல இடங்களில் அகற்ற வேண்டியது குடிசையா, அரசுக் கட்டடமா என்ற நிலைமை.

மலையும் சும்மா கிடந்தது

கண்மாய்க்கு நடந்தது மலைக்கும் நடந்தது. மேலூர் பக்கம் கிரானைட் மலைகள் துண்டு துண்டாகப் போயின. 2012 மே மாதம், அப்போதைய கலெக்டர் சகாயம் அரசுக்கு அனுப்பிய அறிக்கையில் சொன்ன இழப்பு 16,338 கோடி ரூபாய். ஒத்தக்கடை யானைமலையைச் சிற்ப நகரம் ஆக்கலாம் என்ற பேச்சு எழுந்தபோது சுற்று வட்டார மக்கள் எதிர்த்து நிறுத்தினார்கள். அந்தச் சூழலில்தான் 2010இல் எழுத்தாளர் அ. முத்துக்கிருஷ்ணன் 'பசுமை நடை'யைத் தொடங்கினார். ஞாயித்துக்கிழமை காலையில் நகரத்து ஆட்களைக் கூட்டிப் போய் ஒரு மலையைக் காட்டுவது. கேட்கச் சின்ன விஷயம். ஆனால் "அங்க என்ன இருக்கு, வெறும் பாறை" என்று சொல்கிற வாயை அடைக்க அதைவிட நல்ல வழி தெரியவில்லை.

அரிட்டாபட்டி

இப்ப முக்கியமான இடத்துக்கு வருவோம். மேலூர் பக்கத்தில் அரிட்டாபட்டி. ஏழு மலைக்குன்றுகள். அங்கே 2,000 ஆண்டுகளுக்கு மேல் பழைய தமிழி கல்வெட்டு, சமணர் படுகை, எட்டாம் நூற்றாண்டுக் குடைவரைச் சிவன் கோயில். பறவைகள் மட்டும் சுமார் 250 வகை. லகர் வல்லூறு, ராசாளிக் கழுகு எல்லாம் வரும். தேவாங்கும் எறும்புத்தின்னியும் உண்டு. அரசு ஆவணமே 72 ஏரிகள், 200 ஊற்றுகள் என்று கணக்குச் சொல்கிறது. 2022 நவம்பரில் அரிட்டாபட்டியிலும் மீனாட்சிபுரத்திலும் சேர்த்து 193 ஹெக்டேர், தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் பாரம்பரியத் தலமாக அறிவிக்கப்பட்டது.

சரி, காப்பாத்தியாச்சு என்று நினைத்தோம். இரண்டே வருஷம். 2024 நவம்பரில் மத்திய அரசு நடத்திய ஏலத்தில், நாயக்கர்பட்டி டங்ஸ்டன் தொகுதி ஹிந்துஸ்தான் ஜிங்க் நிறுவனத்துக்குப் போனது. தொகுதியின் பரப்பு 2,015 ஹெக்டேர். பாதுகாக்கப்பட்ட 193 அதற்குள்தான் இருந்தது.

கிராம சபைகள் தீர்மானம் போட்டன. டிசம்பர் 9 அன்று சட்டமன்றமும் தீர்மானம் போட்டது. டிசம்பர் கடைசியில் டெல்லியில் இருந்து ஒரு சமரசம் வந்தது: பல்லுயிர் தலத்தை விட்டுவிட்டு எல்லையை மறுபடி வரையலாமா என்று பார்க்கச் சொல்கிறோம். ஆபீஸில் உட்கார்ந்து பார்த்தால் நியாயமாகத்தான் தெரியும். 193 போக மீதி 1,800 ஹெக்டேருக்கு மேல் 'சாதாரண' நிலம்தானே?

ஊர்க்காரர்கள் ஒத்துக்கொள்ளவில்லை. எனக்கு இந்த முழுக்கதையில் பிடித்த இடம் இதுதான். மலையில் பெய்கிற மழைதான் ஊற்று, ஊற்றுதான் கண்மாய், கண்மாய்தான் அடுத்த ஊர் நெல். இதில் எந்த இடத்தில் கோடு போடுவீங்க? 2025 ஜனவரி 7 அன்று ஆயிரக்கணக்கான பேர் மேலூர் பக்கத்தில் இருந்து மதுரை தல்லாகுளம் வரை பேரணியாக வந்தார்கள். ஜனவரி 23 அன்று ஏலம் ரத்தானது.

சட்டம் காப்பாத்தினது ஒரு கோட்டுக்கு உள்ளே இருந்ததை மட்டும். கோட்டுக்கு வெளியே இருந்ததைக் காப்பாத்தியவர்கள், அங்கே ஒவ்வொரு இடமும் எதுக்கு என்று வாய் திறந்து சொல்லத் தெரிந்தவர்கள்.

இது நம்ம ஊர்ச் சங்கதி மட்டும் இல்லை. லண்டன் பக்கத்தில் எப்பிங் காடு. 1860களில் நிலப்பிரபுக்கள் வேலி போட்டுக் கூறு போட்டார்கள். விறகுக்குக் கிளை வெட்டுவது எங்க பழைய உரிமை என்று உள்ளூர்த் தொழிலாளிகள் வேலியைத் தாண்டி வெட்டி ஜெயிலுக்கும் போனார்கள். பிறகு மேய்ச்சல் உரிமையை வைத்து நடந்த வழக்கு ஜெயித்தது. 1878இல் தனிச் சட்டம் வந்தது. அந்தக் காடு இன்னைக்கும் பொதுவெளிதான். அங்கேயும் முதல் ஆதாரமாக நின்றது இயற்கையின் அழகு இல்லை, விறகும் மாடும்.

நம்ம தெரு

எங்க நகரில் அப்படிச் சொல்ல யாரும் மிச்சமில்லை. வயல் மனையானது, விவசாயி வேற வேலைக்குப் போனார், மடையைத் திறந்து தண்ணி பாய்ச்சியவர் பேரே யாருக்கும் தெரியாது. ஆயக்கட்டு இல்லாத கண்மாய்க்குக் கேட்க நாதி கிடையாது. அரிட்டாபட்டிக்காரர்களுக்குக் கைதட்டுகிற நானும் ஒரு ஓடை மேலதான் குடியிருக்கேன். அந்தக் கூச்சம் எனக்கு இருக்கு. வீட்டை இடிக்கவா முடியும்? முடியாது. மிச்சம் இருக்கிற ஓடையில் அடுத்த கட்டடம் வராமல் கேட்க முடியும். அதற்கு முதலில் அது எங்கே போகிறது என்று தெரியணும்.

போன மாசம் அப்பாவும் நானும் ஸ்கூட்டியில் கிளம்பினோம். அவர் ஞாபகத்தில் இருந்து அந்த ஓடையைத் தேடிப் போனோம். இரண்டு இடத்தில் கல்வெர்ட்டு இருக்கு, ஒரு இடத்தில் காம்பவுண்டு சுவர், அப்புறம் குப்பை. கடைசியில் ஒரு கலுங்கு. கல் அப்படியே உறுதியா நிற்குது. அப்பா அது மேல ஏறி நின்னு, "இதுல குளிச்சிருக்கேன்டா"ன்னார். போனில் மேப்பைத் திறந்து அந்த இடத்தைக் குறிச்சுக்கிட்டேன். அடுத்த வார்டு கூட்டத்துக்கு அதோட போறதா இருக்கோம்.

உங்க தெருவுக்கு முன்னாடி அங்க என்ன இருந்ததுன்னு வீட்டில் பெரியவங்ககிட்ட கேளுங்க. "வெறும் பொட்டல்"னு சொன்னால் விட்டுடாதீங்க. "அங்க என்ன பண்ணுவீங்க?"ன்னு அடுத்த கேள்வியைக் கேளுங்க. பதிலை எனக்கு வாய்ஸ் நோட்டா அனுப்புங்க, அடுத்த எபிசோடில் சேர்த்துப் பேசலாம். வர்றேன்.