குரல் நீங்கிய மார்கரீற்: மனோரதியத் துன்பியலும் மௌனப்படமும்

அரங்கிலிருந்து திரைக்குச் சென்ற துன்பியல் நாடகங்களை ஆராய்வோர், மௌனப்படம் நாடகத்தைச் சுருக்கிற்று என்று கூறி அமைந்துவிடுவதுண்டு. அச்சுருக்கத்தில் எது விடுபட்டது, எது நிலைபெற்றது என்பதே சமூகவியல் நோக்கில் முதன்மையான வினாவாகும். இளைய அலெக்சாந்தர் டூமாவின் ‘கமேலியாச் சீமாட்டி’ இதற்குத் தக்க சான்றாகும்.

1848இல் நாவலாக வெளிவந்த இக்கதை, தணிக்கைத் தடையைக் கடந்து 1852இல் பாரிஸ் வோத்வில் அரங்கில் நாடகமாயிற்று. செல்வந்தரின் பொருளை நம்பி வாழும் மார்கரீற், அர்மான் என்னும் இளைஞனைக் காதலிக்கிறாள். மூன்றாம் அங்கத்தில் அவன் தந்தை அவளைச் சந்தித்து, தம் மகளின் திருமணம் தடைப்படாதிருக்க மகனைவிட்டு விலகுமாறு வேண்டுகிறார். அவர் கொடியவரல்லர், கண்ணியமாகவே பேசுகிறார். எனினும் மானம், மணவுறவு, சொத்து ஆகியவற்றை ஒன்றாய்ப் பிணைக்கும் பூர்ஷ்வா ஒழுக்கத்தின் தருக்கம் முழுவதும் அவர் வாய்மொழியிலேயே வெளிப்படுகின்றது. நாடகத்தின் அடிப்படை முரண்பாடு இவ்வுரையாடலிலேயே தங்கியுள்ளது.

1911இல் ‘பிலிம் தார்’ நிறுவனம் இந்நாடகத்தை இரு சுருள்களில் அடங்கும் குறும்படமாக்கிற்று. 1908இல் தோன்றிய அந்நிறுவனத்தின் நோக்கம், சந்தைத்திடல் வேடிக்கையாக எண்ணப்பட்ட சினிமாவுக்குக் கற்றோர் மதிப்பைத் தேடித்தருவதாகும். இதன்பொருட்டுப் புகழ்பெற்ற அரங்க நடிகர்களை அது நாடிற்று. மார்கரீற்றாக நடித்தவர் 1844இல் பிறந்த சாரா பேர்ண்ஹார்ட். 1880 முதல் இப்பாத்திரத்தை ஏற்றுவந்தவர். ‘பொற்குரல்’ எனப் போற்றப்பட்டவர். அக்குரலையே திரை நீக்கிவிட்டது.

எஞ்சியது உடல். அசையாத கமராவின் முன் முழு உருவமாய் நின்று, கையசைவாலும் உடல்வளைவாலும் அவர் துயரைப் புலப்படுத்தினார். எழுத்தட்டைகள் நிகழ்ச்சியை அறிவிக்க வல்லன. வாதத்தை நடத்த வல்லன அல்ல. எனவே தந்தையின் வருகை, வேண்டுதலும் கண்ணீருமாகச் சுருங்கியது. ஏன் விலகவேண்டும் என்ற சமூகக் காரணம் மங்க, தியாகம் தனிமனுஷி ஒருத்தியின் இயல்பாகத் தோற்றமளித்தது.

ஆயினும் இதனை வெறும் இழப்பெனல் பொருந்தாது. நான்காம் அங்கத்தில் அர்மான் பலர் முன்னிலையில் அவள்மீது பணத்தை வீசியெறிகிறான். காதலியை விலைப்பொருளாக்கும் அச்செயலுக்குச் சொல் வேண்டியதில்லை. மேலும், பாரிஸ் அரங்கின் கட்டணம் எட்டாதோருக்கும் அந்நடிப்பு எட்டிற்று.

வாதத்தை இழந்த ஊடகமே பார்வையாளரைப் பெருக்கிற்று என்பது மனங்கொள்ளத்தக்கது. அப்பெருக்கத்தை மட்டும் கொண்டு ஊடகமொன்றை முற்போக்கானதெனக் கணிக்க முடியாது. மக்கள்முன் எந்த முரண்பாடு வந்தது, எது வழியில் நழுவிற்று என்பதையும் விமர்சகன் கேட்டாக வேண்டும்.