பெயரும் பட்டமும்

ஒருவர்க்கு உடைமைகள் பல இருப்பினும், பிறந்த சின்னாளிற் பெற்று, இறந்த பின்னரும் நிலைப்பது பெயர் ஒன்றே. அப்பெயரின் உறுப்புகள் யாவை, அவற்றுள் நமக்கே உரியது எது, பிறர் தந்தது எது என்று ஆராய்தல் இந்நாளில் இன்றியமையாததாயிற்று. என்னை? தாம்பரம், குரோம்பேட்டை, பல்லாவரம் முதலிய ஊர்களில் வதியும் நம் குடும்பத்துப் பிள்ளைகள் பலர் கல்விக்கும் தொழிலுக்குமாகக் கடல் கடந்து செல்கின்றனர். அவர்கள் நிரப்பும் பாஸ்போர்ட்டு விண்ணப்பத்தில் 'குடும்பப் பெயர்' என்றொரு கட்டம் உளது. அதில் நம் குலப்பட்டத்தை எழுதலாமா என்னும் வினா இல்லந்தோறும் எழுகின்றது. அதற்கு விடை நாம் வாழும் இச்சுற்றுவட்டாரத்து வரலாற்றிலேயே கிடைக்கின்றது.

முதற்கண் தமிழர் பெயரின் பழைய அமைப்பை நோக்குவோம். முல்லைப்பாட்டைப் பாடியவர் காவிரிப்பூம்பட்டினத்துப் பொன்வாணிகனார் மகனார் நப்பூதனார். நெடுநல்வாடையைப் பாடியவர் மதுரைக் கணக்காயனார் மகனார் நக்கீரனார். இவற்றில் முதலில் நிற்பது ஊர்; அடுத்து நிற்பது தந்தையின் தொழில்; இறுதியில் நிற்பது இயற்பெயர். இன்று நாம் 'இனிஷியல்' என்று ஆங்கிலச் சொல்லால் வழங்கும் முன்னெழுத்துகள் ஆங்கிலேயரிடம் கடன் வாங்கியவை என்று கருதுவார் பலர். எழுத்தாகச் சுருக்கும் பழக்கம் பிற்காலத்ததே. சுருக்கப்பட்ட பொருளோ மிகப் பழையது. இன்ன ஊரினன், இன்னார் மகன், இன்னான் என்பதே தமிழன் தன்னை அறிவித்துக் கொண்ட முறை.

இம்முறைக்கு நம் பக்கத்திலேயே ஒரு சான்று உளது. மாங்காட்டுக்கு அணித்தான துள்ளம் என்னும் சிற்றூரில் 1883-ஆம் ஆண்டு பிறந்தவர் திரு.வி.க. அவர் பெயரின் முதலிலுள்ள 'திரு' என்பதை மரியாதைச் சொல்லென்று மயங்குவாரும் உளர். அது முன்னோர் ஊராகிய திருவாரூர். 'வி' என்பது தந்தையார் விருத்தாசலனார். 'க' என்பது கலியாணசுந்தரம். பிறந்ததும் வளர்ந்ததும் தொண்டைநாட்டிலாயினும், சோணாட்டுத் திருவாரூரை அவ்வோரெழுத்து விடாது காத்து நின்றது. அவர்தம் குலப்பட்டத்தைச் சொல்லித் தேடுவார் இன்று எவருமிலர். திரு.வி.க. என்ற மூன்றெழுத்தே போதியதாயிற்று.

இனி இயற்பெயரைப் பற்றிச் சிறிது கூறுவோம். பாட்டன் பெயரை ஏற்பவன் ஆதலின் மகனுடைய மகன் 'பெயரன்' ஆனான். அதுவே பேரன் என மருவிற்று. அதனுடன் வட்டாரத்துத் தெய்வங்களின் பெயர்களும் சேர்ந்தன. காஞ்சியின் ஒற்றை மாமரத்தடியில் எழுந்தருளிய பெருமான் ஏகாம்பரமானார். அத்திருநகரத்துத் திருமால் வரதராசரானார். திருப்போரூர் முருகன் கந்தசாமியானார். மாங்காட்டு அம்மை காமாட்சியானாள். நம் முன்னோர் பெயர்ப் பட்டியலை எடுத்து வாசிப்பின், அவர்கள் கால்நடையாகச் சென்று வழிபட்ட தலங்களின் படம் ஒன்று கண்முன் விரியும்.

திருக்கழுக்குன்றத்து மலைக்கு வேதாசலம் என்பது பெயர். அப்பெயர் தாங்கிய ஒருவர் 1876-ல் நாகையிற் பிறந்து, 1898 முதல் சென்னைக் கிறித்தவக் கல்லூரியில் தமிழாசிரியராயிருந்து, 1911-ல் அப்பணியினின்று நீங்கிப் பல்லாவரத்திற் குடியேறினார். அவரே 1916-ல் தனித்தமிழ் இயக்கம் கண்டு, வேதத்தை மறையாகவும் அசலத்தை மலையாகவும் மாற்றி மறைமலை ஆனவர். அவர்க்கு முன்னரே அக்கல்லூரித் தமிழாசிரியர் சூரியநாராயண சாஸ்திரியார் தம் பெயரைப் பரிதிமாற் கலைஞர் என ஆக்கிக் கொண்டார். அக்கல்லூரி 1937-ல் தாம்பரத்திற்கு வந்தது. அடிகள் பெயரால் மறைமலைநகர் என்றோர் ஊரும் தெற்கே எழுந்தது. இதனால் நாம் அறிவது யாதெனின், பெயர் என்பது கல்லிற் பொறித்த விதியன்று. பொருளுணர்ந்தவன் தன் கொள்கைக்கேற்ப அதனைத் திருத்திக் கொள்ளலாம் என்பதே.

நிற்க. பட்டம் என்பது யாது? பல்லாவரத்துக் குடைவரையைக் காண்பார் முதலாம் மகேந்திரவர்ம பல்லவனின் விருதுப் பெயர்கள் அங்கே பொறிக்கப்பட்டிருத்தலைக் காணலாம். மத்தவிலாசன், விசித்திரசித்தன், குணபரன் என அவனுக்கு விருதுகள் பல. அவை அவனோடு பிறந்தனவல்ல. அவன் மைந்தனுக்கும் சென்றில. அடுத்துக் குன்றத்தூரை நோக்குக. பெரியபுராணம் அருளிய பெரியார்க்குப் பெற்றோர் இட்ட பெயர் அருண்மொழித்தேவர், குடிப்பெயர் சேக்கிழார், சோழ மன்னன் அமைச்சராக்கி அளித்த பட்டம் உத்தமசோழப் பல்லவராயர். இம்மூன்றனுள் மன்னன் தந்த பட்டத்தை இன்று அறிந்தோர் மிகச் சிலரே. குடிப்பெயரும் அவர் நூலால் விளங்கிற்றேயன்றி, அதனால் நூல் விளங்கிற்றன்று.

இந்நாளில் குலப்பெயராக வழங்குவனவும் தொடக்கத்தில் இத்தகைய சிறப்புப் பெயர்களே. முதலி என்றால் முதன்மையுடையவன். நாயக்கன் என்றால் தலைவன். பிள்ளை என்பது மகனைக் குறித்த அன்புச் சொல். தொண்டைமண்டல வேளாளரும் செங்குந்தரும் முதலியார் எனப்படுகின்றனர். தமிழ் பேசுவோருட் சிலரும் தெலுங்கு பேசுவோருட் சிலரும் நாயக்கர் எனப்படுகின்றனர். ஆதலின் பட்டத்தைக் கொண்டு ஒருவர் குலத்தை அறிதலும் திண்ணமன்று. குணத்தை அறிதலோ இயலவே இயலாது.

இவ்வுண்மையை உணர்ந்தே ஈ.வெ.ரா. அவர்கள் 1927-ஆம் ஆண்டு இறுதியில் தம் பெயரிலிருந்து நாயக்கர் பட்டத்தை நீக்கினார். 1929 பிப்ரவரி 17, 18 நாட்களில் நம் செங்கற்பட்டிலே கூடிய முதல் சுயமரியாதை மாகாண மாநாடு, சாதிப்பட்டங்களை விடுமாறு தீர்மானித்தது.

சாதிச் சங்கம் வைத்துக்கொண்டு சாதிப்பட்டம் வேண்டா என்பது முரணன்றோ எனச் சிலர் வினவலாம். நியாயமான வினாவே. அச்செங்கற்பட்டு மாநாட்டிற்குத் தலைமை தாங்கிய சௌந்தரபாண்டியனார், நாடார் மகாஜன சங்கத்தின் தலைவர்களுள் ஒருவர் என்பதை அவர்கள் நினைவு கூர்க. சங்கம் என்பது ஏழை மாணவர்க்கு உதவவும் இன்ப துன்பங்களிற் கூடவும் வயதுவந்தோர் விரும்பிச் சேர்வது. பெயரிற் பட்டமோ, கேளாத குழந்தையின் நெற்றியில் ஒட்டும் முத்திரை. பள்ளியிலும் பணியிடத்திலும் அதனால் ஒருவன் பெறும் சலுகை அவன் உழைப்பால் வந்ததன்று. பெறும் இழிவும் அவன் பிழையால் வந்ததன்று. இரண்டும் நம் பிள்ளைகளுக்கு வேண்டா.

வெளிநாட்டார் குடும்பப்பெயர் கேட்கின்றனரே எனின், அதற்கும் வழியுண்டு. ஐக்கிய அரபு அமீரகம் 2022 நவம்பரில் ஒற்றைப் பெயருடைய பாஸ்போர்ட்டை வருகை விசாவிற்கு ஏற்பதில்லை என அறிவித்தபோது, இரண்டாம் பக்கத்தில் தந்தை பெயர் இருப்பின் ஏற்கப்படும் எனவும் பின்னர் விளக்கிற்று. ஐஸ்லாந்து நாட்டினர் பெரும்பாலார் இன்றும் குடும்பப்பெயரின்றித் தந்தை பெயராலேயே அறியப்படுகின்றனர். துருக்கியர் 1934-ல் குடும்பப்பெயரைக் கட்டாயமாக்கிய அதே ஆண்டில் பாஷா, பே முதலிய பட்டங்களைச் சட்டத்தால் ஒழித்தனர். ஆகவே அக்கட்டத்தில் தந்தை பெயரை எழுதுக. இன்றேல் முன்னோர் ஊரை எழுதுக. சங்கப் புலவர் காட்டிய வழியும் அதுவே.

உண்மையில் நாம் அஞ்ச வேண்டிய இழப்பு வேறொன்று. 1931-ல் கடற்கரைக்கும் தாம்பரத்திற்கும் மின்சார ரயில் ஓடத் தொடங்கியபின், பல ஊர்களினின்றும் குடும்பங்கள் இங்கு வந்து நிலைத்தன. அவர்களுடைய ஊரெழுத்தைப் பெயரர் 'தேவையற்றது' என நீக்கிவிட்டனர். எஞ்சியுள்ள இடங்களிலும் அவ்வெழுத்து எவ்வூரைக் குறிக்கும் என்று கேட்டால் விடை கூறுவாரில்லை. பெண்மக்களோ மணத்தின்பின் தந்தை எழுத்தையும் மாற்றிக் கொள்வதால், தாய்வழி ஊர்கள் இன்னும் விரைவில் மறைகின்றன.

ஆதலின் நம் சங்கத்து அங்கத்தினர் ஒவ்வொருவரும் இல்லத்தில் முதியோர் உயிரோடிருக்கும்போதே ஒரு சிறு குறிப்பேடு தொடங்குவாராக. அதில் முன்னெழுத்துகளின் விரிவு, தந்தைவழி ஊர், தாய்வழி ஊர், பாட்டன் பாட்டியர் பெயர், அப்பெயர்க்குரிய தலம் ஆகியவற்றைத் தமிழில் எழுதி வைப்பாராக. 2021 டிசம்பரில் தமிழ்நாட்டு அரசு முன்னெழுத்தையும் தமிழிலேயே எழுதுமாறு ஆணையிட்டமையால் அதற்கு இஃது ஏற்ற காலமுமாம். பட்டத்தை விட்டால் நாம் இழப்பது ஒன்றுமில்லை. ஊரை மறந்தால் மீட்பது அரிது. நம் மக்கட்கு நாம் வைத்துச் செல்லும் செல்வங்களுள், விரித்துச் சொல்லத்தக்க ஒரு பெயர் முதன்மையானதாகுக!