கோழி இறக்கையும் பரக்கத்தும்: இனிப்புக் காரத்தின் நீண்ட வரலாறு

நம் வீடுகளில் ஒரு கோழியை அறுத்தால் அதன் பங்கீடு எழுதப்படாத ஒரு சட்டத்தின்படியே நடந்து வந்தது. கால்கள் பிள்ளைகளுக்கு. நெஞ்சுக்கறி வாப்பாவுக்கும் வந்த விருந்தாளிக்கும். ஈரல் கடைக்குட்டிக்கு. கழுத்தும் இறக்கையும் ஆணச்சட்டியின் அடியில் கிடக்கும். எல்லோரும் கை கழுவி எழுந்த பின் உம்மா உட்கார்ந்து, அந்த இறக்கையைப் பிட்டுச் சோற்றோடு சாப்பிடுவார்கள். கேட்டால், "எனக்கு இதுதான் பிடிக்கும்" என்பார்கள். நாமும் நம்பினோம்.

இன்று அதே இறக்கை விருந்தின் தலைமைப் பண்டமாகிவிட்டது. தேனும் மிளகாயும் பளபளக்கப் பொரித்த இறக்கையைப் பிள்ளைகள் கேட்டு வாங்கி உண்கிறார்கள். இது அமெரிக்கச் சரக்கு என்று சிலரும், கொரியச் சரக்கு என்று சிலரும் கருதுகிறார்கள். இரண்டிலும் உண்மை உண்டு. ஆனால் இரண்டும் பாதி உண்மைதான். இறைச்சியில் இனிப்பையும் புளிப்பையும் காரத்தையும் ஒன்றாகச் சேர்க்கும் கலையை முஸ்லிம் உலகம் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே ஏட்டில் எழுதி வைத்திருந்தது. அந்த வரலாற்றைச் சற்றே திரும்பிப் பார்ப்போம்.

நபித்தோழரின் உணவு விரிப்பில்

கோழி நம் மண்ணுக்கு அந்நியமானதன்று. தெற்காசியாவிலும் தென்கிழக்காசியாவிலும் வாழும் சிவப்புக் காட்டுக்கோழியே இன்றைய வீட்டுக்கோழியின் மூதாதை. அங்கிருந்து அது மேற்கே பரவி அரபு நிலத்தையும் அடைந்தது.

புகாரியில் பதிவான ஒரு நிகழ்வு நமக்கு முக்கியமானது. அபூ மூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களின் விருந்தில் கோழிக்கறி பரிமாறப்பட்டது. வந்திருந்த ஒருவர் மட்டும் ஒதுங்கி நின்றார். கோழி அசுத்தத்தைத் தின்பதைக் கண்டு அருவருப்புற்று, இனி அதை உண்பதில்லை என்று அவர் சத்தியம் செய்திருந்தார். அபூ மூஸா (ரலி) அவரை அருகே அழைத்து, நபி (ஸல்) அவர்கள் கோழியை உண்டதைத் தாம் பார்த்திருப்பதாக எடுத்துச் சொன்னார்கள்.

அனுமதிக்கப்பட்ட உணவை அருவருப்பின் பெயரால் தமக்குத் தாமே விலக்கிக்கொள்ள வேண்டியதில்லை என்பது இதிலுள்ள ஒரு பாடம். அதே வேளையில் அந்த மனிதரின் கவலையையும் நம் மார்க்கம் புறக்கணிக்கவில்லை. அசுத்தம் தின்று திரியும் பிராணியைச் சில நாள் கட்டிவைத்துத் தூய தீனி கொடுத்த பின்பே அறுப்பது பற்றி ஃபிக்ஹு நூல்கள் பேசுகின்றன. நம் பாட்டிமார் நாட்டுக்கோழியைக் கூடையில் கவிழ்த்து வைத்து, நெல்லும் நொய்யும் போட்டு, அதன் பிறகே அறுக்கக் கொடுத்த வழக்கத்தின் வேர் இதுவே. ஹலால் என்பது கத்தி படும் கணத்தில் மட்டும் தொடங்குவதில்லை என்பதை அவர்கள் அறிந்திருந்தார்கள்.

பக்தாதின் அடுக்களை

அப்பாசியர் காலத்து பக்தாதில் சமையல் ஒரு கல்வித்துறை போலவே மதிக்கப்பட்டது. 10ஆம் நூற்றாண்டில் இப்னு ஸய்யார் அல்வர்ராக் என்பவர் 600க்கும் மேற்பட்ட சமையல் குறிப்புகளை 132 அத்தியாயங்களில் தொகுத்தார். நமக்குக் கிடைத்துள்ள அரபுச் சமையல் நூல்களில் அதுவே மிகப் பழையது. 1226இல் முஹம்மத் இப்னுல் ஹஸன் அல்பக்தாதீ மற்றொரு நூலை எழுதினார். உலக இன்பங்களை ஆறாக வகுத்து, அவற்றில் உணவுக்கே முதலிடம் கொடுத்தவர் அவர்.

அவ்விரு நூல்களிலும் தவறாமல் வரும் உணவு 'ஸிக்பாஜ்'. பாரசீகத்திலிருந்து வந்த இது வினிகரில் வேகும் இறைச்சி. பக்தாதீயின் முறையில், இறைச்சி வெந்துவரும்போது வினிகரும், பேரீச்சம்பாகோ தேனோ கலந்த கலவை ஊற்றப்படுகிறது. புளிப்புக்கும் இனிப்புக்கும் நடுவே சுவை நிற்க வேண்டும் என்பது விதி. இதன் உறவான 'ஸீர்பாஜ்' என்னும் உணவில் வினிகர், சர்க்கரை, அரைத்த வாதுமை, கொத்தமல்லி, மிளகு, குங்குமப்பூ ஆகியவை சேர்கின்றன. விரும்புவோர் கோழி சேர்க்கவும் அதில் இடமுண்டு. இன்றைய இனிப்புக் கார இறக்கையில் நம் நாக்கு தேடும் சமநிலை ஏறக்குறைய 800 ஆண்டுகளுக்கு முன்பே ஏட்டில் இருக்கிறது.

ஆயிரத்தொரு இரவுக் கதைகளிலும் இந்த ஸீர்பாஜ் வருகிறது. அதை உண்டுவிட்டுக் கை கழுவ மறந்து மணமகளிடம் சென்ற ஒருவன் கட்டைவிரல்களையே இழந்தான் என்றும், அதன் பின் அந்த உணவைத் தொட்டால் 120 முறை கை கழுவுவதாக வாக்களித்தான் என்றும் கதை போகிறது. கதையின் கொடுமை ஒருபுறமிருக்க, கையில் ஒட்டி மணக்கும் உணவு அது என்பதும், கை கழுவும் ஒழுங்கை அச்சமூகம் எவ்வளவு பெரிதாகக் கருதியது என்பதும் நமக்கு விளங்குகின்றன.

பக்தாதீ 1239இல் காலமானார். 19 ஆண்டுகள் கழித்து, 1258இல், ஹுலாகுவின் மங்கோலியப் படை பக்தாதை அழித்தது. மாளிகைகளும் நூலகங்களும் போயின. ஆனால் ஒரு குழம்பில் தேன் எவ்வளவு, வினிகர் எவ்வளவு என்ற அறிவு அழியவில்லை. ஸிக்பாஜ் மேற்கே பயணம் செய்து, அந்தலுஸ் வழியாக ஸ்பானிய மொழியில் 'எஸ்கபெச்சே' என்ற பெயரில் இன்றும் வாழ்கிறது. அரசுகள் காக்கத் தவறியதை அடுப்படிகள் காத்தன.

சர்க்கரையும் இஞ்சியும் மிளகாயும்

இந்த உணவுக்குரிய பொருள்களின் பயணமும் வியப்புக்குரியது. கரும்புச் சாற்றைக் காய்ச்சிக் கட்டியாக்கும் கலை இந்தியத் துணைக்கண்டத்தில் வளர்ந்தது. பாரசீகர் அதைக் கற்றனர். அவர்களிடமிருந்து கற்ற முஸ்லிம்கள் எகிப்து, சிசிலி, அந்தலுஸ் வரை கரும்பைக் கொண்டு சென்றனர். நம் 'சர்க்கரை', பாரசீகரின் 'ஷகர்', அரபியரின் 'ஸுக்கர்' எல்லாம் ஒரே சொல்லின் கிளைகள்.

இஞ்சிக்கு அதனினும் உயர்ந்த இடம். சொர்க்கவாசிகளுக்குப் புகட்டப்படும் பானத்தின் கலவையாக 'ஸன்ஜபீல்' திருக்குர்ஆனின் 76ஆம் அத்தியாயத்தில் குறிப்பிடப்படுகிறது. அச்சொல்லின் மூலத்தைத் தேடிச் சென்ற மொழியறிஞர்கள் வந்து நிற்கும் இடம் நம் 'இஞ்சி வேர்'.

மிளகாய் மட்டும் பிந்தி வந்த விருந்தாளி. பக்தாதீ மிளகாயைக் கண்டதே இல்லை. அவர் காலத்துக் காரமெல்லாம் மிளகும் இஞ்சியும் திப்பிலியும்தான். அமெரிக்கக் கண்டத்தில் விளைந்த மிளகாயை, 1498இல் வாஸ்கோ ட காமா கோழிக்கோட்டை அடைந்த பின்னர், போர்ச்சுகீசியரே நம் கரைக்குக் கொண்டுவந்தனர். மிளகைப் போல் காரம் தரும் காய் என்று நம் முன்னோர் அதற்குப் பெயரிட்டு, உள்ளே அழைத்து உட்கார வைத்துவிட்டனர்.

எறியப்பட்ட துண்டு

பொரித்த கோழியின் அமெரிக்க வரலாறு ஒரு கண்ணீர்க் கதையோடு பின்னியது. தென் மாநிலங்களில் அடிமைகளாக வைக்கப்பட்ட ஆப்பிரிக்கர் பலருக்கு மாடு வளர்க்க உரிமையில்லை. கோழி வளர்க்க மட்டும் விட்டுவைத்தனர். அந்த மக்களில் முஸ்லிம்களும் இருந்தனர். மேற்கு ஆப்பிரிக்காவின் ஃபூத்தா தோரோவிலிருந்து கடத்தப்பட்ட உமர் இப்னு ஸஈத் என்ற அறிஞர், 1831இல், அடிமைத்தளையில் இருந்தபடியே தம் வாழ்க்கையை அரபியில் எழுதினார். உள்நாட்டுப் போர் முடிந்து விடுதலை கிடைத்த பின், வர்ஜீனியாவின் கோர்டன்ஸ்வில் ரயில் நிலையத்தில் கறுப்பினப் பெண்கள் பொரித்த கோழியைத் தட்டுகளில் தலைமேல் சுமந்து, பயணிகளுக்கு ஜன்னல் வழியே விற்றார்கள். அந்தக் காசில் வீடு வாங்கியவர்களும் உண்டு.

ஆனால் அந்நாட்டிலும் இறக்கை பெரும்பாலும் சூப்புக்குப் போகும் துண்டாகவே கிடந்தது. நியூயார்க் மாநிலத்தின் பஃபலோ நகரில் 1960களில் நிலைமை மாறியது. ஜான் யங் என்ற கறுப்பின உணவகக்காரர் முழு இறக்கைகளை மாவில் தோய்த்துப் பொரித்து, இனிப்பும் காரமும் கலந்த தக்காளிக் குழம்பில் புரட்டி விற்றார். அதே நகரில் 1964இல் தெரெஸா பெல்லிஸிமோ என்ற பெண்மணி, தம் குடும்பத்தின் மதுக்கூடத்தில் இறக்கையைப் பொரித்து, வெண்ணெய் கலந்த மிளகாய்ச் சாற்றில் புரட்டிப் பரிமாறினார். புகழ் அவரைச் சேர்ந்தது. ஜான் யங்கின் பெயரை நகரம் வெகுகாலம் கழித்தே நினைவுகூர்ந்தது. சூப்பு எலும்பாக இருந்த இறக்கையின் விலை, பிற்காலத்தில் சில வேளைகளில் எலும்பில்லா நெஞ்சுக்கறியின் விலையையே தாண்டியது.

கொரியர் இதற்கு மற்றொரு வடிவம் தந்தனர். தாய்கு நகரில் தோன்றிய 'யங்னியோம்' கோழி, மிளகாய் விழுதும் பாகும் பூண்டும் சேர்ந்தது. இன்று நம் பிள்ளைகள் கேட்பது பெரும்பாலும் இதையே.

இங்கே நாம் சற்று நின்று கவனிக்க வேண்டும். ஓர் உணவு மதுக்கூடத்தில் பிறந்தது என்பதனால் அது ஹராம் ஆகிவிடாது. அதில் என்ன சேர்கிறது என்பதே கேள்வி. கடையில் விற்கும் கொரிய மிளகாய் விழுதுகள் சிலவற்றில் கெட்டுப்போகாதிருக்க ஆல்கஹால் சேர்க்கப்படுகிறது. 'மிரின்' என்பது ஜப்பானிய அரிசி மது. கோழி ஹலாலாக அறுக்கப்பட்டிருந்தாலும், குழம்பு நம்மை ஏமாற்றிவிடக்கூடும். புட்டியின் பின்பக்கத்தைப் படிக்கும் பழக்கத்தைப் பிள்ளைகளுக்கும் கற்பிப்போம். அதைவிட எளிய வழி, வீட்டிலேயே செய்துகொள்வது.

நம் அடுப்பில்

ஒரு கிலோ இறக்கையை மூட்டுகளில் வெட்டி மூன்றாக்குவோம். நுனித் துண்டுகளை எறிய வேண்டாம். அவற்றை எடுத்துவைத்தால் மிளகு தட்டிப்போட்ட சூப்புக்கோ நோன்புக் கஞ்சிக்கோ ஆகும். மற்றவற்றைக் கழுவி, துணியால் ஈரம் போக ஒற்றி, உப்பு, மிளகுத்தூள், இஞ்சி பூண்டு விழுது தடவி அரை மணி நேரம் வைப்போம். அரிசி மாவும் சோளமாவும் சம அளவு கலந்து புரட்டி, மிதமான சூட்டில் எட்டு முதல் பத்து நிமிடம் பொரித்தெடுத்து, பத்து நிமிடம் ஆறவிடுவோம். பிறகு எண்ணெயை நன்கு சூடாக்கி, இரண்டு மூன்று நிமிடம் மறுபடி பொரிப்போம். முதல் பொரிப்பில் கறி வேகிறது. ஆறும்போது உள்ளே உள்ள ஈரம் மேலே வருகிறது. இரண்டாம் பொரிப்பு அதை விரட்டி மொறுமொறுப்பைத் தருகிறது.

எட்டுப் பத்து வற்றல் மிளகாயை ஊறவைத்து ஆறு பல் பூண்டோடு அரைத்து, சிறிது எண்ணெயில் வதக்கி, இரண்டு மேசைக்கரண்டி வினிகரும் 100 கிராம் வெல்லமும் உப்பும் சேர்த்துக் கெட்டியாக்குவோம். அடுப்பை அணைத்த பின்பே இரண்டு கரண்டி தேன் விட வேண்டும். தேன் விரைவில் கருகும். உண்ணும் நேரத்தில் மட்டும் இறக்கையை இதில் புரட்ட வேண்டும். முன்பே புரட்டினால் தோல் நமத்துவிடும். வினிகரைச் சிறந்த தொடுகறி என்று நபி (ஸல்) அவர்கள் பாராட்டியதை முஸ்லிம் நூலில் காண்கிறோம். அந்தப் பாராட்டை நினைத்தபடி கரண்டியைக் கிளறலாம்.

பரக்கத் எந்தத் துண்டில்?

உண்ட பின் விரல்களைச் சூப்பவும், கீழே விழுந்த கவளத்தை எடுத்துத் தூசு நீக்கி உண்ணவும் நபி (ஸல்) அவர்கள் கற்றுத் தந்தார்கள். உணவின் எந்தப் பகுதியில் பரக்கத் இருக்கிறது என்பதை நாம் அறியமாட்டோம் என்பதே அதற்கு அவர்கள் சொன்ன காரணம். இந்தச் சின்னஞ்சிறு இறக்கையின் வரலாறு முழுவதும் அந்த வாக்குக்குச் சான்றாகவே நமக்குத் தோன்றுகிறது. யாரும் வேண்டாத துண்டில் ஒரு நகரத்தின் புகழும் பலருடைய பிழைப்பும் இருந்தன. விரல் சூப்பாமல் உண்ண முடியாத உணவும் அதுவே ஆயிற்று.

நம் வீட்டில் அந்தப் பரக்கத்தை யார் உண்டார்கள் என்பதை இப்போது எண்ணிப் பார்க்கிறோம். அவர்களுக்கு உண்மையில் இறக்கைதான் பிடித்திருந்ததா, அல்லது நமக்குக் கால் கிடைக்க வேண்டும் என்பதற்காகவா என்று நாம் ஒரு நாளும் கேட்டதில்லை. இன்று இறக்கையும் பிள்ளைகள் தட்டுக்குப் போய்விட்ட வீடுகளில் உம்மாமார்களுக்கு மிஞ்சுவது என்ன?

ஆகவே அடுத்த முறை தட்டை விரிப்பில் வைக்கும்போது, சமைத்தவரையும் அழைத்து உட்கார வைப்போம். ஒரே ஸஹனைச் சுற்றி அமரும் நம் மரபில் கடைசியாக உண்பவர் என்று எவரும் இருக்கக் கூடாது. முதல் துண்டை அவர் கையில் கொடுத்து, எது வேண்டும் என்று கேட்போம். இரண்டு துண்டு அண்டை வீட்டுக்கும் போகட்டும்.

அல்லாஹ் நம் அடுப்படிகளிலும், அங்கே வெந்து உழைக்கும் கைகளிலும் பரக்கத் செய்வானாக. ஆமீன்.