கைவாங்கல்

இலங்கையின் ஆலையடிவேம்பில் ஒருவர் காணி வழக்குப் போட்டிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். வழக்குரையில் எல்லை விவரம் பிழை. தொடர்ந்து நடத்தினால் தோற்பது நிச்சயம். அப்போது சட்டத்தரணி சொல்லும் வழி, கைவாங்கல்: வழக்கைத் திரும்பப் பெறுவது.

வாங்குதல் என்றால் இன்று காசு கொடுத்துப் பெறுவது. பழந்தமிழில் அதற்கு இழுத்தல், வளைத்தல் என்ற பொருளும் உண்டு. வில்லை வாங்கினார்கள் என்றால் நாணை இழுத்து வளைத்தார்கள். கைவாங்குதல் அந்த வழியில் வந்தது: வைத்த கையைப் பின்னால் இழுத்துக்கொள்வது. (நீதிமன்றத்தில் நாம் உட்காரும் வாங்கு வேறு. அது போர்த்துக்கீசர் விட்டுப்போன சொல்.) தமிழ்நாட்டில் கைவாங்கலை ‘வாபஸ்’ என்பார்கள்; அது பாரசீகத்திலிருந்து வந்தது.

கையை இழுப்பது எளிது, திரும்ப வைப்பதுதான் சிக்கல். இலங்கையின் 1889ஆம் ஆண்டுக் குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 406ஆம் பிரிவு, முறைசார்ந்த குறைபாட்டால் வழக்குத் தோற்கும் என்றாலோ போதிய வேறு காரணம் இருந்தாலோ, புதிதாக வழக்கிடும் அனுமதியோடு கைவாங்க இடமளிக்கிறது. செலவுத்தொகை பற்றி மன்று நிபந்தனை விதிக்கலாம். அனுமதி பெறாமல் கைவாங்கினால் அதே விடயத்துக்கு மறுபடி வழக்கிட முடியாது.

அனுமதி கிடைத்தாலும் 407ஆம் பிரிவு நிற்கிறது: முதல் வழக்கே போடப்படாததுபோலக் காலவரையறை கணக்கிடப்படும். முதல் வழக்கு நடந்த ஆண்டுகளும் அந்தக் கணக்கில் ஓடிக்கொண்டேதான் இருந்திருக்கும்.